நடை அடைப்பதற்கு முன்னே

திருவனந்தபுரத்துக்குக் கல்யாணத்துக்கோ ஆஸ்பத்திரிக்கோ வருகிற சொந்தக்காரர்களுக்கு ஒரு நாள் மிச்சம் கிடைத்தால் காட்டாக்கடையில் இருக்கும் எங்கள் வீட்டுக்குப் போன் வரும். "அக்கா, ஒரு வண்டி பிடிச்சா கன்னியாகுமரி, சுசீந்திரம், அந்தக் கடலோரக் கோயில் எல்லாம் பாத்துட்டு ராத்திரிக்குள்ள திரும்பிரலாமா?" தாராளமாகத் திரும்பலாம். திருவனந்தபுரத்திலிருந்து கன்னியாகுமரி 90 கிலோமீட்டருக்குள்தான். ஆனால் இட்லி சாப்பிட்டுவிட்டு எட்டு மணிக்குக் கிளம்பலாம் என்று நினைத்தால், நெய்யாற்றின்கரை, மார்த்தாண்டம், தக்கலை நெரிசலைத் தாண்டி நாகர்கோவில் சேரும்போதே பதினொன்று ஆகிவிடும். சுசீந்திரத்தில் நடை சாத்தப் போகிற நேரம். அப்புறம் சாயங்காலம் வரை பூட்டின கதவுகளைப் பார்த்துக்கொண்டு வெயிலில் சுற்ற வேண்டியதுதான். உட்காருங்கள், சாயா குடித்துக்கொண்டே விவரமாகச் சொல்கிறேன்.

இந்தப் பக்கத்துக் கோயில்கள் பழைய திருவிதாங்கூர் முறையில் நடக்கிறவை. விடியுமுன் நடை திறப்பார்கள். முந்தின நாள் சாத்திய பூவோடு அப்போது சாமியைப் பார்ப்பதுதான் நிர்மால்ய தரிசனம். பிறகு அபிஷேகம், உஷ பூஜை, பந்தீரடி, மத்தியானம் உச்ச பூஜை, ராத்திரி அத்தாழ பூஜை. உச்ச பூஜை முடிந்ததும் நடை அடைத்தால் மறுபடி திறக்க நாலு, ஐந்து மணி ஆகிவிடும். கடிகாரம் வருவதற்கு முன்னால் சூரியனை வைத்து ஏற்பட்ட ஒழுங்கு இது. ஆளின் நிழல் பன்னிரண்டு அடி நீளும் வேளைதான் பந்தீரடி பூஜைக்குக் கணக்கு. வெளியூர்க்காரர்கள் வரிசையில் நிற்கிறார்கள் என்பதற்காக உச்ச பூஜையைத் தள்ளி வைக்க மாட்டார்கள். அப்படி வைக்காததுதான் எனக்குப் பிடித்திருக்கிறது.

ஆகவே வழியைப் போடும்போது மேப்பைப் பார்த்து, பக்கத்தில் இருப்பதை முதலிலும் தூரத்தில் இருப்பதைக் கடைசியிலும் வைக்காதீர்கள். திருப்பிப் போடுங்கள். இருட்டோடு கிளம்பித் தென்கோடிக்கு நேரே போய்விட்டு, அங்கிருந்து ஒவ்வொரு கோயிலாகப் பின்னால் வாருங்கள்.

வண்டி பேசும்போது வாடகைக்கு முன்னால் நம்பர் போர்டைக் கேளுங்கள். மஞ்சள் பலகையில் கறுப்பு எழுத்து இருக்கிறதுதான் வாடகைக்கு ஓட அனுமதி பெற்ற டாக்ஸி. வெள்ளை போர்டு சொந்தக் காரைக் கொஞ்சம் குறைத்துப் பேசி அனுப்புகிறவர்கள் எல்லா ஊரிலும் உண்டு. எங்கள் பக்கத்தில் அதற்குக் கள்ள டாக்ஸி என்று பெயர். வழியில் ஒரு விபத்து நடந்தால், கூலிக்கு ஆள் ஏற்றிய சொந்த வண்டி என்று சொல்லி இன்ஷூரன்ஸ் கம்பெனி கையை விரித்துவிடலாம். மிச்சமாகிற சில நூறு ரூபாய்க்கு அது தகாது. அடுத்தது, நீங்கள் மாநில எல்லையைத் தாண்டுகிறீர்கள். கேரள டாக்ஸிக்கு ஆல் இந்தியா பெர்மிட் இருந்தால் கவலை இல்லை. இல்லாவிட்டால் தமிழ்நாட்டுக்கு வரி கட்டித் தனிப் பெர்மிட் எடுக்க வேண்டும். அது யார் பொறுப்பு, டிரைவர் பேட்டா எவ்வளவு, பார்க்கிங் யார் கொடுப்பது, பேசின கிலோமீட்டருக்கு மேல் ஓடினால் என்ன கணக்கு என்பதையெல்லாம் முந்தின நாளே பேசி முடித்துவிடுங்கள். கோயில் வாசலில் நின்று பேசினால் இரண்டு பேருக்கும் மனசு கெட்டுப்போகும்.

இன்னொன்றை எல்லோரும் விட்டுவிடுகிறார்கள். "சேட்டா, இன்னைக்கு ராத்திரி ஓட்டம் இருக்கா?" என்று கட்டாயம் கேளுங்கள். விடிகாலை மூன்று மணிக்கு எடுக்கிற வண்டி ராத்திரி ஒன்பதுக்குத்தான் திரும்பும். ஏர்போர்ட்டில் ஆளை இறக்கிவிட்டு நேரே உங்கள் வாசலுக்கு வருகிற டிரைவர் தக்கலை தாண்டும்போது கண் சொக்குவார். ராத்திரி தூங்கி எழுந்து வருகிறவராகப் பாருங்கள். மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு ஒரு மணி நேரம் அவர் ஸீட்டைச் சாய்த்துப் படுக்கவும் விடுங்கள். நடை அடைத்திருக்கும் நேரம்தானே, உங்களுக்கும் ஒன்றும் நஷ்டமில்லை.

மூன்று மணிக்குக் கிளம்பினால் ரோடு காலியாக இருக்கும். பாலராமபுரம், நெய்யாற்றின்கரை, பாறசாலை, களியக்காவிளை என்று ஊர்கள் தூக்கத்திலேயே பின்னால் போகும். காட்டாக்கடையிலிருந்தே கிளம்புகிறவர்களுக்கு ஒற்றசேகரமங்கலம், வெள்ளறடை, பனச்சமூடு, அருமனை வழியாக மார்த்தாண்டத்தில் போய் ஏறும் இன்னொரு வழி இருக்கிறது. ரப்பர் தோட்டங்களுக்கு நடுவே வளைந்து வளைந்து போகும். பகலில் அழகான ரோடு. பழக்கமில்லாத டிரைவரை இருட்டில் அந்த வழியே அனுப்ப வேண்டாம்.

களியக்காவிளையில் ஒரு நிமிஷம் கண்ணைத் திறந்து பாருங்கள். கடைப் பலகைகளில் மலையாளம் போய்த் தமிழ் வந்திருக்கும். மற்றபடி எதுவும் மாறியிருக்காது. 1956 நவம்பர் 1 வரை இது எல்லையே இல்லை. தமிழ் பேசும் தாலுகாக்களைச் சென்னை மாநிலத்தோடு சேர்க்க வேண்டும் என்று நேசமணியின் தலைமையில் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் நடத்திய போராட்டத்தின் முடிவில் அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு அந்தப் பக்கம் போயின. அவர்கள் கேட்ட நெய்யாற்றின்கரை இந்தப் பக்கமே நின்றுவிட்டது. அண்ணன் வீடு பாறசாலையிலும் தங்கை வீடு குழித்துறையிலுமாக இருக்கும் குடும்பங்கள் இங்கே நிறைய.

கோயில்களும் அப்படித்தான் பிரிந்தன. அதன் கதை கொஞ்சம் பழையது. 1811-ல் திருவிதாங்கூரில் ரெசிடெண்டாகவும் திவானாகவும் இருந்த கர்னல் மன்றோ, நூற்றுக்கணக்கான கோயில்களையும் அவற்றின் நிலங்களையும் அரசாங்க நிர்வாகத்துக்குள் கொண்டுவந்தார். நிலம் அரசுக்குப் போனதால் கோயில் செலவு அரசின் கடமை ஆயிற்று. அந்தக் கடமை நம் அரசியல் சட்டம் வரைக்கும் வந்துவிட்டது. மாநிலங்கள் பிரிந்தபோது சேர்த்த 290ஏ பிரிவின்படி, கேரளம் வருஷத்துக்கு 46,50,000 ரூபாயைத் திருவிதாங்கூர் தேவஸ்வம் நிதிக்குக் கொடுக்க வேண்டும். தமிழ்நாடு தன் பக்கம் வந்த கோயில்களுக்காக 13,50,000 ரூபாய் கொடுக்க வேண்டும். கோயிலுக்கு இவ்வளவு ரூபாய் என்று தொகை போட்டு எழுதியிருப்பது நம் அரசியல் சட்டத்தில் இந்த ஓரிடத்தில்தான். கன்னியாகுமரிக் கோயிலில் நீங்கள் வாங்கும் ரசீதில் தமிழ்நாட்டு அறநிலையத்துறையின் பெயர் இருக்க, உள்ளே பூஜை திருவிதாங்கூர் வழியில் நடப்பதற்குக் காரணம் இதுதான். பூசாரியைக் குருக்கள் என்று கூப்பிடாதீர்கள்; இங்கே அவர் போற்றி.

நவராத்திரி சமயத்தில் வருகிறவர்கள் இதே ரோட்டில் சாமிகள் எதிரே வருவதைப் பார்க்கலாம். பத்மநாபபுரம் அரண்மனையிலிருந்து தேவாரக்கெட்டு சரஸ்வதி யானைமேலும், வேளிமலை முருகனும் சுசீந்திரம் முன்னுதித்த நங்கையும் பல்லக்கிலுமாகத் திருவனந்தபுரத்துக்குப் போகிறார்கள். முதல் ராத்திரி குழித்துறை மகாதேவர் கோயில், இரண்டாம் ராத்திரி நெய்யாற்றின்கரை கிருஷ்ணன் கோயில், மூன்றாம் நாள் தலைநகரம். எல்லையில் கேரள போலீஸ் வரிசையாக நின்று மரியாதை செய்யும். அந்த நாட்களில் வண்டி நகராது. நகராமல் இருப்பதே நல்லது, இறங்கி நின்று பாருங்கள்.

ஐந்தரை மணிவாக்கில் கன்னியாகுமரி. வருகிறவர்கள் எல்லோரும் சூரிய உதயத்துக்காகக் கடற்கரையில் இடம் பிடித்து நிற்பார்கள். நீங்கள் நேரே கோயிலுக்குள் போய்விடுங்கள். உதயம் முடிந்ததும் அந்தக் கூட்டம் மொத்தமும் கோயில் வாசலுக்குத் திரும்பும். அதற்குள் நீங்கள் தரிசனம் முடித்துக் கடற்கரைக்கு வந்திருக்கலாம். ஆண்கள் சட்டையைக் கழற்ற வேண்டும். வேஷ்டி கட்டி, தோளில் ஒரு துண்டோடு போனால் சட்டையையும் பர்ஸையும் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு தடுமாற வேண்டாம்.

நுழைவது வடக்கு வாசல் வழியாக. கடலைப் பார்த்த கிழக்கு வாசலை வருஷத்தில் சில விசேஷ நாட்களில் மட்டும்தான் திறப்பார்கள். அம்மன் மூக்குத்தியின் ஒளியைக் கலங்கரை விளக்கு என்று நினைத்துக் கப்பல்கள் பாறையில் மோதின, அதனால்தான் அடைத்தார்கள் என்பது இங்கே குழந்தைக்கும் தெரிந்த கதை. உள்ளே கருங்கல் பிராகாரம் விடிந்த பிறகும் இருட்டாகத்தான் இருக்கும். எண்ணெய் விளக்குகளின் சூடும் புகையும் முகத்தில் படும். தள்ளு வரிசையில் நகர்ந்து நேரே வந்தால், கையில் ஜபமாலையோடு நிற்கிற ஒரு சின்னப் பெண். பெரிய ரூபத்தை எதிர்பார்த்து வருகிறவர்கள் ஒரு நொடி தேடுவார்கள். தீபாராதனைத் தட்டு மேலே ஏறும்போது மூக்குத்தியில் வெளிச்சம் பட்டு மின்னும். அந்த நொடியைத் தவறவிடாமல் மூக்குக்கு நேரே பார்வையை வைத்திருங்கள்.

விவேகானந்தர் பாறைக்குப் போகலாமா என்று எல்லோரும் கேட்பார்கள். 1970-ல் திறந்த மண்டபம், பக்கத்துப் பாறையில் 2000 ஜனவரி 1-ல் திறந்த 133 அடி வள்ளுவர், இரண்டையும் இணைத்து 2024 டிசம்பர் கடைசியில் திறந்த 77 மீட்டர் கண்ணாடிப் பாலம். எல்லாம் பார்க்க வேண்டியவைதான். ஆனால் பூம்புகார் கழகத்தின் படகு எட்டு மணிக்குத்தான் ஓடத் தொடங்கும். டிக்கெட் வரிசை, படகு வரிசை, திரும்பும் வரிசை என்று காலைப் பொழுது அதிலேயே போய்விடும். பாறையா சுசீந்திரமா என்று வீட்டிலேயே முடிவு செய்துகொண்டு வாருங்கள். என்னைக் கேட்டால் கோயிலுக்காகக் கிளம்பின நாளில் சுசீந்திரம்தான். வள்ளுவர் கரையிலிருந்தே நன்றாகத் தெரிவார்.

சுசீந்திரத்துக்கு ஒன்பதரைக்குள் போய்விட்டால் நிதானமாகப் பார்க்கலாம். சிவன், திருமால், பிரம்மா மூவரும் சேர்ந்த தாணுமாலயன். ஏழு நிலைக் கோபுரம். அலங்கார மண்டபத்தில் ஒரே கல்லில் குடைந்த தூண் கொத்துகள். தட்டினால் தூணுக்குத் தூண் ஸ்வரம் மாறும். தட்டித் தட்டிக் கல் தேய்ந்துவிட்டது, நீங்களும் தட்ட வேண்டாம். 18 அடி ஆஞ்சநேயர் முன்னால் எப்போதும் கூட்டம். வெண்ணெய்க் காப்பும் வடைமாலையும் அவருக்குப் பிரசித்தம். அங்கேயே நின்றுவிடாமல் தலவிருட்சமான கொன்றையடி வரை போங்கள். கோயில் அதிலிருந்துதான் தொடங்கியது என்று ஐதீகம்.

கோபுரத்தை விட்டு வெளியே வந்ததும் ரத வீதியில் ஒரு சுற்று நடக்கச் சொல்வேன். இந்தத் தெருக்களில் நடக்கவே ஒரு பெரிய ஜனக்கூட்டத்துக்கு உரிமை இல்லாமல் இருந்தது. வைக்கம் போராட்டம் முடிந்த சூட்டோடு 1926-லும், மறுபடி 1930-லும் இங்கே சத்தியாகிரகம் நடந்தது. 1936 நவம்பர் 12-ல் சித்திரைத் திருநாள் மகாராஜா கோயில் நுழைவுப் பிரகடனம் செய்த பிறகுதான் எல்லோருக்கும் கதவு திறந்தது. இன்றைக்கு விசேஷ வரிசையா பொது வரிசையா என்று நாம் யோசித்து நிற்கும் இடத்தில், நம் தாத்தாக்களில் பலர் தூரத்திலிருந்து கோபுரத்தைக் கும்பிட்டுவிட்டுத் திரும்பினார்கள். பிள்ளைகளைக் கூட்டி வருகிறவர்கள் இதை இங்கே நின்று சொல்லிக் கொடுங்கள். தூண்களைப் பற்றிச் சொல்வதைவிட இது முக்கியம்.

உச்சி வேளைக்கு எங்கே போவது? பக்கத்தில் சாமித்தோப்பு இருக்கிறது. அய்யா வைகுண்டரின் பதி, அதாவது வழிபாட்டுத் தலம். கோயில்கள் உச்ச பூஜை முடித்துக் கதவடைக்கும் நேரத்தில் பதிகளில் உச்சிப்படிப்பு என்கிற வழிபாடு நடக்கும். காலையில் இரண்டு கோயில்களில் சட்டையைக் கழற்றி, தலையைக் குனிந்து நின்றவர்கள் இங்கே தலைப்பாகை கட்டிக்கொண்டுதான் உள்ளே போக வேண்டும். காலையில் தோளில் கிடந்த துண்டே இப்போது தலைக்கு ஏறும். கருவறையில் சிலை கிடையாது, கண்ணாடி இருக்கும். முன்னால் நிற்கிறவரின் முகமே அதில் தெரியும். தலையில் துணி கட்டக்கூட அனுமதி இல்லாத மக்களைத் தலைப்பாகை கட்டச் சொன்ன மனிதர் வைகுண்டர். 1809-ல் பிறந்து 1851-ல் மறைந்தார். இடையில் திருவனந்தபுரத்தில் சிறையும் இருந்தார். ஒரே நாளில் சுசீந்திரத்தையும் சாமித்தோப்பையும் பார்க்கிறவர்களுக்கு இந்த நாட்டின் இரு நூற்றாண்டுக் கதை கண்ணெதிரே நிற்கும்.

மத்தியானச் சாப்பாடு நாகர்கோவிலில். வழியில் பழக்கடை கண்ணில் பட்டால் மட்டிப்பழம் ஒரு சீப்பு வாங்குங்கள். விரல் நீளத்துச் சின்னப் பழம், வாசனை காருக்குள் நிறையும். கன்னியாகுமரி மட்டிக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்திருக்கிறது. சாப்பிட்ட பிறகு தக்கலை பக்கம் போய்ப் பத்மநாபபுரம் அரண்மனை பார்க்கலாம். இருப்பது தமிழ்நாட்டில், பராமரிப்பது கேரளத் தொல்லியல் துறை, திங்கட்கிழமை விடுமுறை. மத்தியான இடைவேளை அங்கேயும் உண்டு, இரண்டு மணிக்குப் பிறகு போங்கள். மரத்தால் கட்டிய அந்த வீட்டுக்குள் மே மாத வெயிலிலும் குளிர்ச்சியாக இருக்கும். முன்பே பார்த்தவர்கள் அதை விட்டுவிட்டு நேரே முட்டம் கடற்கரைக்குப் போகலாம்.

ஐந்து மணிக்கு மண்டைக்காடு. இங்கே பகவதி அம்மன் சிலையாக இல்லை. ஆள் உயரத்தைவிடப் பெரிதாக வளர்ந்த புற்று. மாசிக் கொடைக்குப் பெண்கள் இருமுடி கட்டி வருவதால் பெண்களின் சபரிமலை என்று சொல்வார்கள். தலைவலி தீர வேண்டிக்கொண்டு மண்டையப்பம் நேர்ச்சை வைப்பது இந்தக் கோயிலின் வழக்கம். கோயிலை விட்டுக் கொஞ்சம் நடந்தால் கடல். பக்தர்கள் அதில் குளித்துவிட்டு ஈரத்தோடு வந்து கும்பிடுவார்கள்.

கடலில் இறங்குவதைப் பற்றி அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. இந்தக் கரையில் கள்ளக்கடல் என்று ஒன்று வரும். நம் ஊரில் காற்றும் இருக்காது, மழையும் இருக்காது. தெற்கே அண்டார்டிகா பக்கத்துப் பெருங்கடலில் வீசின புயல் கிளப்பிவிட்ட நீண்ட அலைகள், பல்லாயிரம் கிலோமீட்டர் உருண்டு, சில நாள் கழித்து இங்கே வந்து சேரும். தூரத்தில் பார்த்தால் கடல் அடங்கித்தான் தெரியும். கரைக்கு வந்ததும் நீர் சட்டென்று எழும்பி ஆளை உள்ளே இழுத்துவிடும். சித்திரை, வைகாசி மாதங்களில் இது அதிகம். 2024 மே 6-ஆம் தேதி கணபதிபுரம் லெமூர் கடற்கரையில் மருத்துவ மாணவர்கள் ஐந்து பேர் இப்படித்தான் போனார்கள். கடல் நிலையைக் கணித்துச் சொல்லும் ஹைதராபாத் இன்காய்ஸ் நிறுவனம் அதற்கு முன்னாலேயே எச்சரிக்கை கொடுத்திருந்தது. கிளம்புவதற்கு முந்தின ராத்திரி அந்த எச்சரிக்கையைப் போனில் பார்த்துவிடுங்கள். கரையில் வலை உலர்த்துகிற மீனவர் யாராவது "இறங்காதீங்க" என்று சொன்னால் மறுபேச்சு வேண்டாம். கால் நனைத்து, தலையில் தெளித்துக்கொண்டாலும் நேர்ச்சை நேர்ச்சைதான்.

திரும்புவதற்கு இரண்டு வழி. வயதானவர்கள் கூட இருந்தால் திங்கள்நகர், அழகியமண்டபம் வழியாக நேஷனல் ஹைவேயில் ஏறிவிடுங்கள். உடம்பில் தெம்பு இருக்கிறவர்களுக்குக் கடலோர ரோடு: 1741-ல் மார்த்தாண்ட வர்மா டச்சுக்காரர்களைத் தோற்கடித்த குளச்சல், தாமிரபரணி கடலில் சேரும் தேங்காப்பட்டணம், பிள்ளைத் தூக்கத் திருவிழா நடக்கும் கொல்லங்கோடு பத்ரகாளி, பிறகு எல்லை தாண்டிப் பொழியூர், பூவார், ஆழிமலை. மீன்பிடி ஊர்களின் நடுவே போகும் குறுகல் ரோடு, சாயங்காலம் பிள்ளைகள் விளையாடுவார்கள், வேகம் எடுக்க முடியாது. ஆழிமலை சிவன் கோயிலில் நடை அடைத்திருந்தாலும், பாறைமேல் கடலுக்கு எதிரே சடையை விரித்து உட்கார்ந்திருக்கும் 58 அடி கங்காதரேஸ்வரர் இருட்டிலும் தெரிவார். அங்கிருந்து விழிஞ்ஞம், கோவளம் தாண்டினால் நகரம்தான்.

அம்மாவுக்கு முட்டுவலி, கைக்குழந்தை இருக்கிறது என்கிறவர்கள் இவ்வளவையும் ஒரே நாளில் அடைக்க வேண்டாம். கன்னியாகுமரி, சுசீந்திரம் இரண்டோடு நிறுத்தி மத்தியானமே திரும்பிவிடுங்கள். மண்டைக்காட்டைத் தனியாக மாசிக்கு வைத்துக்கொள்ளலாம். அப்படி வருவதாக இருந்தால் இரண்டு வாரத்துக்கு முன்னால் ஒரு போன் போடுங்கள். கொடை நடக்கிற அந்தப் பத்து நாளும் நெய்யாற்றின்கரையிலிருந்து நாகர்கோவில் வரை டிராவலர் வண்டி ஒன்றுகூடச் சும்மா நிற்காது.